இரு முனையும் அவிழ்ந்த கயிறு

மார்ச் 9

அன்புள்ள தம்பிக்கு,

இன்று காலை எழுந்ததும் முதல் வேலையாக அத்தையின் கண்கட்டை விலக்கிச் சொட்டு மருந்து விட்டேன். வலது கண்ணில் புரை எடுத்துச் சில நாட்கள்தான் ஆகின்றன. "அசையாதீங்க" என்றால், "அசையறது நான் இல்ல, உன் கை" என்பாள். உன் கடிதம் நேற்று மாலையே வந்துவிட்டது. உறையின் மேல் உன் கையெழுத்தைப் பார்த்ததும் அதை அரிசி டப்பாவுக்குப் பின்னால் வைத்துவிட்டேன். மருந்து விட்டு, கண்ணை மூடிப் படுக்கச் சொல்லிவிட்டு, இன்று காலை சமையலறையில் நின்றுகொண்டேதான் பிரித்தேன். உட்கார்ந்து படிக்கத் தைரியம் வரவில்லை.

இருபத்தொரு வருடம் கழித்து நீ எழுதிய முதல் வரி: "அக்கா, நான் உயிரோடு இருக்கிறேன், கொஞ்சம் குண்டாகிவிட்டேன்." நான் சிரித்துவிட்டேன். சத்தம் கேட்டு, "யாருடி அங்க?" என்று அத்தை உள்ளிருந்து கேட்டாள். "ஒண்ணும் இல்ல, பால் பொங்கிடுச்சு" என்றேன். பால் அடுப்பிலேயே இல்லை.

உன் கையெழுத்து இன்னமும் கோழி கிளறியதுபோலத்தான் இருக்கிறது. கடிதங்களை இரு நாட்டுக்கும் நடுவில் நிவாரணச் சங்கத்தார் பிரித்துப் படித்துவிட்டு, மறுபடி ஒட்டி அனுப்புகிறார்களாம். அவர்களை நினைத்தால் பாவமாக இருக்கிறது.

எல்லோரும் எப்படி இருக்கிறார்கள் என்று கேட்டிருக்கிறாய். எல்லோரும் என்றால் நானும் அத்தையும்தான். இதை வேறு எப்படி எழுதுவது என்று தெரியவில்லை. நீ போன நாலாவது வருடம் அப்பா போய்விட்டார். எதிரி நாட்டு ரேடியோவில் உன் குரல் வந்த மறுவாரமே சைக்கிள் கடைக்கு ஆள் வருவது நின்றது. சும்மா காற்றடிக்கக்கூட அடுத்த தெருவுக்கு உருட்டிக்கொண்டு போனார்கள். அப்பா காலையில் கடையைத் திறந்து, பம்பை வாசலில் நிறுத்தி, சாயங்காலம் உள்ளே எடுத்து வைப்பார். ஒருநாள் கடையைத் திறக்கவில்லை. அப்புறம் படுத்தவர்தான். அம்மா ஆறு வருடத்துக்கு முன்னால். கடைசிவரை ஒரே பேச்சு. "எம் பிள்ளை ரெண்டு வார்த்தை சேர்ந்தாப்ல திக்காம பேசமாட்டான். இது யாரோ எழுதிக்குடுத்து, அவன் மனப்பாடம் பண்ணிப் பேசுறான்." நானும் அதைத்தான் நம்பினேன். நம்பியதைத்தான் ஊர் முழுக்கச் சொன்னேன்.

எங்களுக்கு ராணுவத்திலிருந்து வந்த அறிக்கையை நீ பார்த்திருக்க மாட்டாய். அதிகாலை ரோந்துக்கு நீயும் அத்தையின் மகன் நெட்டையும் போனீர்கள், மூடுபனிக்காக வழக்கம்போல இடுப்போடு இடுப்பாக ஒரே கயிற்றில் கட்டிக்கொண்டு ஆற்றங்கரையில் நடந்தீர்கள், திரும்பி வரவில்லை, கயிறு மட்டும் கரையில் கிடந்தது. அது அறுபடவில்லை. இரண்டு முனைகளும் கையால் அவிழ்க்கப்பட்டிருந்தன. ஆகவே இருவரும் மனமொப்பி எதிரி நாட்டுக்குப் போய்விட்டார்கள். அவ்வளவுதான் அறிக்கை. அப்புறம் உன் குரல்: "நானும் என் நண்பனும் விரும்பித்தான் வந்தோம்." பாலர் பள்ளியில் அத்தைக்கு இருந்த ஆயா வேலை போனது. துரோகியைப் பெற்றவளிடம் பிள்ளைகளை விடமாட்டோம் என்று பெற்றோர்கள் சொன்னார்களாம்.

துப்பாக்கியை நெற்றியில் வைத்தால் யார்தான் கயிற்றை அவிழ்க்க மாட்டார்கள், இருவரையும் பிடித்துக்கொண்டு போய்விட்டார்கள் என்று நான் எத்தனை மனு எழுதினேன் தெரியுமா? உனக்கும் சேர்த்து, அவனுக்கும் சேர்த்து. ஒரு மனுவில் இரண்டு பெயர். என் அலுவலகத்துக்கும் அது தெரிந்துபோயிற்று. குடிநீர் ஆய்வுக்கூடத்தில் இருந்தவளைக் கழிவுநீர்ப் பிரிவுக்கு மாற்றினார்கள். ஊர் குடிக்கிற தண்ணீரில் துரோகியின் அக்கா எதையாவது கலந்துவிடுவாளாம். பதினெட்டு வருடமாகச் சாக்கடையை முகர்ந்துகொண்டிருக்கிறேன். மூக்கு மரத்துவிட்டது, அதனால் கவலை இல்லை.

எனக்கும் நெட்டைக்கும் பேசி முடித்திருந்த கல்யாணம் பேச்சோடு நின்றுவிட்டது. ஆனால் அத்தை என்று கூப்பிட ஆரம்பித்ததை நிறுத்தவில்லை. அம்மா போனபின் அவளும் நானும் ஒரே வீட்டில்தான் இருக்கிறோம். மாமியார் மருமகள் சண்டையெல்லாம் ஒழுங்காக நடக்கிறது. மகன் ஒருத்தன்தான் குறை.

உன் கடிதத்தில் அவனைப் பற்றி ஒரு வரி இல்லை. படித்து முடித்து, பின்பக்கத்தையும் திருப்பிப் பார்த்தேன். மறந்திருப்பாய் என்று நினைக்க முடியவில்லை. நான் எனக்காகக் கேட்கவில்லை, எனக்கு நாற்பத்தைந்து ஆகிறது. அத்தைக்குக் கண்கட்டு அவிழ்த்ததும் அவள் கேட்கப்போகும் முதல் கேள்வி அதுதான். அவன் இருக்கிறானா, இல்லையா? எதுவாக இருந்தாலும் எழுது.

குண்டானது இருக்கட்டும். பல்லெல்லாம் சரியாக இருக்கிறதா?

அன்புடன்,
உன் அக்கா


ஏப்ரல் 2

அன்புள்ள அக்காவுக்கு,

தம்பி எழுதிக்கொள்வது. உடம்பு சுகம். பல் நான்கு போய்விட்டது, மீதி உன் கேள்விக்குப் பயந்து ஒழுங்காக நிற்கிறது.

அப்பா, அம்மா பற்றி எழுதியிருந்த பக்கத்தை மட்டும் மடித்துச் சட்டைப்பையில் வைத்திருக்கிறேன். அதற்கு இப்போது பதில் எழுத வரவில்லை. கோபித்துக்கொள்ளாதே.

எனக்கு இங்கே பஸ் பணிமனையில் டயர் பிரிவில் வேலை. அப்பா சைக்கிளுக்குப் பஞ்சர் ஒட்டினார், நான் பஸ்ஸுக்கு ஒட்டுகிறேன். குலவித்தை கல்லாமல் பாகம்படும் என்பது சரிதான். வீடு நான்காம் மாடி. லிஃப்ட் ஒன்று இருக்கிறது. நான் குடிவந்த அன்று பழுதாகி நின்றது, இன்னும் நிற்கிறது. ஒரு நர்ஸைக் கட்டிக்கொண்டேன். பிள்ளைகள் இல்லை. பன்னிரண்டு வருடம் சண்டையும் சிரிப்புமாக இருந்தோம். போன வருடம் வயிற்றில் கட்டி என்றார்கள், மூன்று மாதத்தில் போய்விட்டாள். அவளுக்கு உன்னைப் பற்றி எல்லாம் தெரியும். நீ என் காதைத் திருகியதுகூடத் தெரியும்.

வந்த புதிதில் ஒரு விடுதியில் வைத்திருந்தார்கள். மூன்று வேளைச் சாப்பாடு, கதவுக்கு வெளியே ஓர் ஆள். எல்லோரும் என்னை விருந்தாளி என்றுதான் கூப்பிட்டார்கள். விருந்தும் மருந்தும் மூன்று நாள் என்று அம்மா சொல்வாளே, இவர்களுக்கு அந்தக் கணக்குத் தெரியாது. இன்றைக்கும் பணிமனையில் எனக்கு அதே பெயர்தான். "விருந்தாளி, அந்த ஜாக்கியை எடுத்துட்டு வா." "விருந்தாளி, குப்பைக்கூடையை யாரு கொட்டுறது?" இப்படித்தான்.

வருடத்துக்கு ஒருமுறை ஒரு மேடை. நம்முடைய ராணுவ உடையில் நின்று நான்கு வரி சொல்ல வேண்டும். நான் போட்டு வந்ததைக் கண்ணாடிப் பெட்டிக்குள் காட்சிக்கு வைத்துவிட்டார்கள். அதனால் ஒரு தையற்காரர் புதிதாகத் தைத்துக் கொடுத்தார். பாவம், அவர் நம் உடையைப் போட்டோவில்தான் பார்த்திருக்கிறார், சட்டைப்பையை வலது பக்கம் வைத்துவிட்டார். ஒவ்வொரு வருடமும் இடுப்பைப் பிரித்து அகலமாக்குவார். வாயில் குண்டூசியை வைத்துக்கொண்டே, "உங்க நாட்டுப் பட்டாளம் நல்லா வளருதுப்பா" என்பார். ஒன்பதாவது வருடம் பிரிக்கத் துணி இல்லை. பத்தாவது வருடம் யாரும் கூப்பிடவில்லை. இதை உன்னிடம்தான் சொல்ல முடியும் அக்கா: கூப்பிடாதபோது எனக்கு வருத்தமாக இருந்தது. அன்றைக்குச் சவரம் செய்துகொண்டு மதியம்வரை காத்திருந்தேன்.

நெட்டை வந்த குளிர்காலத்திலேயே காய்ச்சலில் போய்விட்டான். நல்ல வைத்தியம்தான் பார்த்தார்கள். கஷ்டப்படவில்லை என்று அத்தையிடம் சொல். இதை முதல் கடிதத்தில் எழுத மனம் வரவில்லை. அதற்கு மேல் ஒன்றும் இல்லை.

இப்போது முக்கியமான விஷயம். இரண்டு நாடுகளும் கையெழுத்துப் போட்ட ஒப்பந்தத்தில், பிடிபட்டு இங்கே தங்கிப்போனவர்கள் ஊர் திரும்பலாம் என்று ஒரு பிரிவு இருக்கிறதாம். நானும் எழுதிக் கொடுத்திருக்கிறேன். அங்கே ஒரு விசாரணைக் குழு உன்னைக் கூப்பிடும். நீ புதிதாக ஒன்றும் சொல்ல வேண்டாம். இத்தனை வருடமும் மனுவில் எழுதியதையே சொன்னால் போதும்.

எனக்கு இங்கே யாரும் இல்லை அக்கா. ஒரு மூலையில் பாய் போட்டுக்கொள்கிறேன். அத்தையிடம் திட்டு வாங்கிக்கொள்கிறேன். செத்தால் என் பாஷையில் யாராவது அழ வேண்டும், அவ்வளவுதான் என் ஆசை.

உன் அன்புத் தம்பி


மே 6

அன்புள்ள தம்பிக்கு,

பாயெல்லாம் வேண்டாம். பின்னறையில் இருந்த பழைய சாமான்களை எடைக்குப் போட்டுவிட்டு வெள்ளையடித்துவிட்டேன். ஜன்னல் தாழ்ப்பாள் பிடிக்காது. நீ வந்து சரிசெய். குண்டான ஆளுக்குக் கட்டில் தாங்குமா என்று தச்சரிடம் கேட்டேன். "எத்தனை கிலோம்மா வர்றாரு?" என்று கேட்டார், காய்கறி வண்டி வருவதுபோல.

உன் மனைவியைப் பற்றி நீ எழுதிய நாலு வரியைப் பலமுறை படித்தேன். அவள் பெயரை நீ எழுதவே இல்லை. எழுதினால் அழுதுவிடுவாய் என்று எனக்குத் தெரியும்.

அத்தைக்குக் கட்டு அவிழ்த்தாயிற்று. காய்ச்சல் என்று சொன்னேன். அழவில்லை. பார்வை வந்த கண்ணால் சுவரையே பார்த்துக்கொண்டிருந்தாள். அப்புறம் கேட்டாள்: "பக்கத்துல யாரு இருந்தா?" "உன் தம்பி இருந்திருப்பான்ல" என்று அவளே பதிலும் சொல்லிக்கொண்டாள். "அப்ப சரி. அவன் இருந்தான்னா தண்ணியாவது குடுத்திருப்பான்." அன்றிலிருந்து உனக்குக் குளிர்ச்சட்டை பின்னுகிறாள். எனக்கு இத்தனை வருடத்தில் ஒரு கைக்குட்டைகூடப் பின்னிக் கொடுத்ததில்லை. இருக்கட்டும்.

விசாரணைக் குழு என்னைக் கூப்பிட்டது. அதிகாரி ஓர் அம்மையார். என் வயதுதான் இருக்கும். மேசை மேல் என் மனுக்கள் எல்லாம் ஒரே கட்டாக இருந்தன. "இவ்வளவும் நீங்களா எழுதினது?" என்று கேட்டார். ஆமாம் என்றேன். "இதுல பாதி உழைப்பை எங்க ஆளுங்க போட்டிருந்தா எப்பவோ முடிஞ்சிருக்கும்" என்றார். நல்ல மனுஷி என்று தோன்றியது. அதனால்தான் அவர் அடுத்துச் சொன்னதை நம்ப வேண்டியதாயிற்று.

அந்த நாட்டிலிருந்து கல்லறை விவரங்கள் வந்திருக்கின்றனவாம். நெட்டை குளிர்காலத்தில் சாகவில்லை. நீங்கள் காணாமல்போன அன்றைக்கே இறந்துவிட்டான்.

தம்பி, ரேடியோவில் நீ பேசியது அதற்கு ஒரு வாரம் கழித்து. "நானும் என் நண்பனும் விரும்பித்தான் வந்தோம்." அப்போது அவன் மண்ணுக்குள் இருந்திருக்கிறான். எழுதிக் கொடுத்ததைத்தான் படித்தாய் என்று எனக்குள் நானே சொல்லிக்கொள்கிறேன். ரேடியோவில் வந்தது யாரோ எழுதிக் கொடுத்தது என்றால், காய்ச்சல் என்று எனக்கு எழுதியது யார்?

இன்னொன்றும் சொன்னார். ஒப்பந்தத்தின்படி, கடமையில் இறந்தவர்களின் உடலை ஊருக்குக் கொண்டுவரலாம். தாமாக எல்லை தாண்டிப் போனவர்களுடையதைக் கொண்டுவர முடியாது. ஆகவே அவன் எப்படி இறந்தான், கயிற்றை யார் முதலில் அவிழ்த்தது என்பதெல்லாம் தெரிய வேண்டுமாம். அடுத்த மாதக் கடைசியில் என் வாக்குமூலத்தைப் பதிவு செய்வார்கள். "உங்க தம்பி எழுதிக் குடுத்ததையும் நீங்க சொல்லப்போறதையும் ஒண்ணா வச்சுத்தான் பார்ப்போம்" என்றார்.

நீ என்ன எழுதிக் கொடுத்திருக்கிறாய்?

அத்தையிடம் இதில் எதையும் சொல்லவில்லை. உனக்காக நான் மறைக்கும் முதல் விஷயம் இது. இத்தனை வருடம் உனக்காகக் கத்தித்தான் பழக்கம், மறைத்துப் பழக்கம் இல்லை. எனக்கு அது வசதியாக இல்லை.

உடனே எழுது.

உன் அக்கா


ஜூன் 11

அக்கா,

இது தபாலில் வரவில்லை. புதுப் பாலம் வழியாகச் சரக்கு ஏற்றிக்கொண்டு போகும் லாரி ஓட்டுநர் ஒருவர் கொண்டுவந்து தருவார். நம்பலாம், அவர் வண்டி டயரெல்லாம் என் கையால் ஒட்டியது. படித்ததும் எரித்துவிடு.

நான்தான் அவிழ்த்தேன்.

அந்த மாதம் காவலில் தூங்கிவிட்டேன் என்று மேலதிகாரி பிடித்துவிட்டார். இரண்டாவது முறை. திங்கட்கிழமை ராணுவச் சிறைக்கு அனுப்புவதாகச் சொன்னார். மூன்று மாதம். சிரிக்காதே, அதற்குத்தான். அங்கே போய்வந்த ஒருத்தனைப் பார்த்திருக்கிறேன், சாப்பாட்டுத் தட்டைச் சுவர் பக்கம் திருப்பி வைத்துக்கொண்டு சாப்பிடுவான். எனக்கு இருபத்திரண்டு வயது. எதிர்க்கரையில் ஒலிபெருக்கியில் பாட்டுப் போட்டு, வா வா என்று கூப்பிட்டுக்கொண்டே இருப்பார்கள். கொள்கை, கோட்பாடு ஒன்றும் இல்லை அக்கா. பயம்தான்.

பனியில் ஒருவருக்கொருவர் தெரியவில்லை. என் முனையை அவிழ்த்து ஒரு முள்கம்பித் தூணில் சுற்றிவிட்டு, இழுப்பு மாறாமல் பார்த்துக்கொண்டு ஆற்றில் இறங்கினேன். ஆழம் இல்லாத இடம் எனக்குத் தெரியும். பாதி ஆறு தாண்டும்போது கயிறு நகரவில்லை என்று அவனுக்குத் தெரிந்துவிட்டது. இழுத்துப் பார்த்திருக்கிறான், தூணில் சுற்றியது கழன்று வெறும் முனை வந்திருக்கிறது. நான் தண்ணீரில் விழுந்துவிட்டேன் என்று நினைத்திருக்கிறான். ஆள் காணோம் என்றால் விசில் ஊத வேண்டும், அதுதான் உத்தரவு. ஊதினால் முகாமே வரும், எனக்கு இன்னொரு புகார் ஏறும். அதனால் அவன் ஊதவில்லை. கயிறு எட்டாது என்று தன் முனையையும் அவிழ்த்துப் போட்டுவிட்டு இறங்கிவிட்டான். மெதுவாகக் கூப்பிட்டுக்கொண்டே வந்தான். "மாப்ளே, எங்கடா இருக்க? மாப்ளே, பயப்படாத, நான் வரேன்." நான் பதில் சொல்லவில்லை. சத்தம் வந்த திசையைப் பார்த்து எதிர்க்கரையில் இருந்தவன் சுட்டான்.

மறுநாள் ஒரு வார்த்தை சொன்னால் போதும் என்றார்கள். ஒருவன் வந்தான் என்பதைவிட இருவர் வந்தார்கள் என்பது அவர்களுக்கு நல்லது. சொல்லாவிட்டால் திருப்பி அனுப்புவோம் என்றார்கள். சொன்னேன். அப்புறம் வருடா வருடம் சொன்னேன். அவன் கல்லறையில் 'நம் நண்பன்' என்று இந்த நாட்டுக்காரர்கள் எழுதி வைத்திருக்கிறார்கள். நான் அங்கே ஒரே ஒருமுறை போனேன். அப்புறம் போகவில்லை.

இப்போது கேள். நாங்கள் பிடிபட்டோம் என்பதைக் குழு நம்ப மாட்டேன் என்கிறது. ஆற்றின் நம் பக்கத்துக்கு யாரும் வந்த தடயம் இல்லையாம். கயிறு கையால் அவிழ்க்கப்பட்டிருக்கிறது, எப்படி என்று கேட்கிறார்கள். ஒரே ஒரு வழிதான் இருக்கிறது. அவன்தான் முதலில் அவிழ்த்துவிட்டுத் தாண்டினான், அவனைத் தடுக்கத்தான் நான் பின்னால் போய் மாட்டிக்கொண்டேன் என்று எழுதிக் கொடுத்துவிட்டேன். அதற்கு நீயும் ஒத்துப்பேச வேண்டும். போவதற்கு முன் உனக்கு அவன் எழுதியதில் ஏதோ ஒரு மாதிரி இருந்தது, போய்விடலாம் என்ற பேச்சு இருந்தது என்று ஒரு வரி சொன்னால் போதும். உன் சொல்லுக்கு அங்கே மதிப்பு இருக்கிறது. நான் தாண்டி வந்தவன் என்று தெரிந்தால் எல்லையில் காலே வைக்கவிட மாட்டார்கள்.

அவன் போய்விட்டான் அக்கா. எலும்பு எந்த மண்ணில் இருந்தால் என்ன? அவனுக்கு இனிமேல் எதுவும் வலிக்காது. எனக்கு இன்னும் வலிக்கிறது. அத்தையை நான் பார்த்துக்கொள்கிறேன், பெற்ற பிள்ளைபோலப் பார்த்துக்கொள்கிறேன். உயிரோடு இருக்கிறவன் பக்கம் நில்.

உன் தம்பி


ஜூன் 24

தம்பிக்கு,

லாரி ஓட்டுநர் ஆய்வுக்கூடத்துக்கே வந்து கொடுத்தார். நல்ல மனிதர். மூக்கைப் பொத்திக்கொண்டு வாசலிலேயே நின்றார். மாதிரி பாட்டில்களுக்கு நடுவில் உட்கார்ந்து படித்தேன். எரித்துவிடு என்றாய், பர்னரில் வைத்து எரித்துவிட்டேன். அதனால் நீ நிம்மதி அடைய வேண்டாம். ஒரு சொல் விடாமல் எனக்குள் இருக்கிறது.

உன்னைத் திட்டலாம் என்று உட்கார்ந்தால் கை வரவில்லை. இருபத்திரண்டு வயதில் பயந்து ஓடினவனை மன்னிக்க எனக்கு ஒரு நாள் போதும். என் தம்பி பயந்தாங்கொள்ளி என்பது எனக்குப் புதிய செய்தியா என்ன? பல்லி விழுந்தால் என் முதுகுக்குப் பின்னால் ஒளிகிறவன் நீ. நீ தாண்டியதால் அப்பாவின் கடை போனதையும், என் குடிநீர்ப் பிரிவு வேலை போனதையும், கல்யாணம் போனதையும்கூட உன் கணக்கில் எழுத மாட்டேன். அவையெல்லாம் ஊர் செய்தது.

ஆனால் அவன் உன்னைத் தேடிக்கொண்டு வந்தான். உனக்கு ஒரு புகார் கூடிவிடக் கூடாது என்று விசிலை வாயில் வைக்காமல் வந்தான். அப்படிப்பட்டவனை நீ ரேடியோவில் விற்றாய். மேடையில் வருடா வருடம் விற்றாய். இப்போது இன்னொரு முறை விற்பதற்கு என்னைத் தரகுக்குக் கூப்பிடுகிறாய். அவன் எனக்கு எழுதியவற்றில் ஏதோ ஒரு மாதிரி இருந்ததாகச் சொல்லச் சொல்கிறாயே, அவன் என்ன எழுதினான் என்று உனக்குத் தெரியுமா? பாதிக்கு மேல் உன்னைப் பற்றித்தான். உனக்குக் காலில் பனிவெடிப்பு, உனக்கு இருமல், உன்னை மேலதிகாரி திட்டினார், நீ வயதில் சின்னவன், விவரம் பத்தாது. கல்யாணம் பேசிய பெண்ணுக்கு இப்படித்தான் எழுதுவார்களா என்று அப்போது எனக்குக் கோபம்கூட வந்தது.

ஏப்ரலில், புதிதாக ஒன்றும் சொல்ல வேண்டாம், மனுவில் எழுதியதையே சொல் என்றாய். அந்த வரியில் எவ்வளவு நாள் சந்தோஷமாக இருந்தேன் தெரியுமா? நான் எழுதியதில் ஒரு சொல்கூட நான் நம்பாதது இல்லை. அதிகாரிகள் சிரித்தபோதும், தெருவில் முகத்தைத் திருப்பிக்கொண்டபோதும் என்னிடம் இருந்த ஒரே சொத்து அதுதான். அதையும் நீ எடுத்துக்கொண்டுவிட்டாய். என்னை இத்தனை வருடம் ஏமாற்றியது ராணுவமும் இல்லை, ஊரும் இல்லை. கதவைத் திறந்து வைத்துக்கொண்டு யாருக்காகக் காத்திருந்தேனோ, அவனே.

இதையும் மறைக்காமல் சொல்லிவிடுகிறேன். உன் கடிதம் வந்தபின் சில நாட்கள் நான் உன் பக்கம்தான் இருந்தேன். நீ இந்த வீட்டில் இருப்பதை நினைத்துப் பார்த்தேன். பின்னறையில் தூங்குகிறாய், தாழ்ப்பாளைச் சரிசெய்கிறாய், என் சமையலைக் குறை சொல்கிறாய். எல்லாம் நன்றாகத்தான் வந்தது. சாப்பாட்டு வேளை வரைக்கும். அத்தை உனக்குப் பரிமாறுவாள். பரிமாறிவிட்டு எதிரில் உட்கார்ந்து கேட்பாள். ஒரு நாள் இல்லை, தினமும் கேட்பாள்: கடைசியா என்னப்பா சொன்னான்? நீ காய்ச்சல் என்பாய். நான் குழம்பு ஊற்றிக்கொண்டிருப்பேன். அவள் நம்புவாள். உன் தட்டில் இன்னொரு கரண்டி சோறு வைப்பாள். அந்த இடத்துக்கு மேல் என்னால் நினைக்க முடியவில்லை. எத்தனை முறை முயன்றாலும் அந்தச் சோற்றோடு நின்றுவிட்டது.

எலும்பு எந்த மண்ணில் இருந்தால் என்ன என்று கேட்கிறாய். உனக்குச் செத்தால் உன் பாஷையில் அழ ஆள் வேண்டும். அவனுக்கு வேண்டாமா? அவனுக்காக அழுவதற்கு ஒருத்தி எழுபது வயதில் கண்ணுக்கு அறுவை செய்துகொண்டு காத்திருக்கிறாள். உங்கள் இருவரில் ஒருவர்தான் இந்த வீட்டுக்கு வர முடியும். இப்படி ஆக்கியது குழு இல்லை, நீ எழுதிக் கொடுத்த வாக்குமூலம்.

இதை எழுதிக்கொண்டிருக்கும்போது அத்தை வந்து நின்றாள். "யாருக்கு எழுதுற?" என்றாள். தம்பிக்கு என்றேன். "இவ்வளவு நீளமாவா? வரப்போறவனுக்கு என்னத்த எழுதுறது, வந்ததும் பேசிக்க வேண்டியதுதானே." அப்புறம், "சட்டைக்குக் கை மட்டும்தான் பாக்கி. கை நீளம் எவ்வளவுன்னு அளந்து எழுதச் சொல்லு" என்று போய்விட்டாள். அவள் சொன்னதை எழுதிவிட்டேன். நீ அளக்க வேண்டாம்.

நாளை மறுநாள் என் வாக்குமூலம். லாரி ஓட்டுநர் அடுத்த நடை போவது அதற்கும் ஒரு வாரம் கழித்துத்தான், ஆகவே இது உன் கைக்கு வரும்போது எல்லாம் முடிந்திருக்கும். அதற்காகத்தான் அவரிடம் கொடுக்கிறேன். நீ என்னிடம் கெஞ்ச முடியாதபடி.

முதலில் யார் அவிழ்த்தது என்று அந்த அம்மையார் கேட்பார். என் தம்பி என்று சொல்லப்போகிறேன். நெட்டை எதற்காக அவிழ்த்தான், ஏன் விசில் ஊதவில்லை, என்ன சொல்லிக் கூப்பிட்டுக்கொண்டு ஆற்றில் இறங்கினான் என்பதையும் சொல்லப்போகிறேன். கடிதம் எங்கே என்று கேட்டால் எரித்துவிட்டேன் என்பேன். சாட்சி கேட்கமாட்டார்கள். இருபத்தொரு வருடம் தம்பிக்காக மனு எழுதிய ஓர் அக்கா, அவனுக்கு எதிராக வந்து நின்று சொன்னால் யாரும் அதைப் பொய் என்று நினைக்க மாட்டார்கள். என் சொல்லுக்கு அங்கே மதிப்பு இருக்கிறது என்று நீயும்தானே எழுதினாய்.

அத்தையிடம் இன்னும் சொல்லவில்லை. யாரிடமும் சொல்லவில்லை. நீ பக்கத்து அறையில் இருந்திருந்தால் உன்னிடம்தான் முதலில் சொல்லியிருப்பேன், அந்தப் பழக்கத்தில் இதை எழுதுகிறேன்.

அக்கா